கோத்தகிரியில் டாய் பொமரேனியன்: குளிர் பரவாயில்லை, ஈரம்தான் பெரும்பாடு

கோயம்புத்தூரில் இருந்து யார் போன் பண்ணினாலும் முதலில் கேட்பது இதைத்தான்: அவ்வளவு சின்ன நாய் கோத்தகிரிக் குளிரை எப்படித் தாங்குகிறது? எங்களைவிட நன்றாகவே தாங்குகிறது. ஜனவரியில் நாங்கள் ஸ்வெட்டருக்கு மேல் சால்வையும் போர்த்திக்கொண்டு திரியும்போது அது சில்லென்ற சிமெண்டுத் தரையில் வயிற்றைப் பரப்பிப் படுத்துத் தூங்கும். இந்த இனத்தின் பாட்டன் பூட்டன் எல்லாம் வடதுருவப் பக்கம் பனியில் வண்டி இழுத்த நாய்கள். விக்டோரியா மகாராணி 1888-ல் இத்தாலி போனபோது சின்ன உருவத்தில் ஒரு பொமரேனியனை வாங்கி வந்தார், அதன் பிறகு குட்டி உருவத்துக்கே மவுசு கூடி, தேர்ந்தெடுத்து இனம் பெருக்கி, இன்றைக்கு ஒன்றரையில் இருந்து மூன்று கிலோ சொச்சம் என்று வந்து நிற்கிறது. உடம்புதான் சுருங்கியது. மேலே நீண்ட முடி, அடியில் பஞ்சு மாதிரி அடர்ந்த முடி என்ற இரட்டைப் போர்வை அப்படியே இருக்கிறது.

ஒன்று சொல்லிவிடுகிறேன். நம் தெருக்களில் பொமரேனியன் என்று வளர்கிற வெள்ளை நாய்கள் பெரும்பாலும் இந்தியன் ஸ்பிட்ஸ். அது கொஞ்சம் பெரியது, முரட்டுத்தனமாக விளையாடினாலும் தாங்கும். நான் எழுதுவது நிஜமாகவே கைக்குள் அடங்குகிற அளவைப் பற்றி. எங்களுடையது ஆண், இரண்டரைக் கிலோ, வயது ஆறு தாண்டிவிட்டது. ஆரஞ்சு நிறத்தைப் பார்த்து மகள் வைத்த பெயர் கேரட். ஆட்டோக்காரத் தம்பி இன்னும் விடாமல் கேட்கிறார், "அக்கா, இது நாயா முயலா?"

சரி, ஈரத்துக்கு வருகிறேன். எங்கள் பக்கம் வடகிழக்குப் பருவமழைதான் பெரிய மழை. அக்டோபரில் பிடித்தால் டிசம்பர் வரைக்கும் தூறலும் மூட்டமும்தான், கொடியில் போட்ட துணியே காயாது, இந்த நாயின் அடிமுடி எங்கே காயப்போகிறது? மேலே தடவினால் காய்ந்துவிட்டது போலத்தான் இருக்கும். விரலை முடிக்குள் விட்டுத் தோலைத் தொட்டால் தெரியும், சில்லென்று ஈரம் அப்படியே ஒட்டிக் கிடக்கும். அதைக் கவனிக்காமல் விட்டால் காதுக்குப் பின்னால், அக்குளில், தொடை இடுக்கில் முடி சிக்குப் பிடித்துக் கட்டியாகும், அடியில் தோல் சிவந்து அரிப்பு எடுக்கும், மக்கிய வாடை வேறு. அதனால் மழை மாதங்களில் நாங்கள் குளிப்பாட்டுவதையே குறைத்துவிட்டோம். வெளியே போய்வந்தால் கால், வயிறு மட்டும் வெந்நீரில் நனைத்த துணியால் துடைப்பு. குளிப்பாட்டியே ஆக வேண்டும் என்றால் வெயில் அடிக்கிற காலையாகப் பார்த்து, துண்டால் ஒற்றி எடுத்துவிட்டு, ஹேர் டிரையரைக் குறைந்த சூட்டில் வைத்து, ஸ்டீல் சீப்பால் வகிடு வகிடாகப் பிரித்து ஒவ்வொரு வகிட்டிலும் தோல் தெரியும்வரை உலர்த்த வேண்டும். மேலோடு ஊதிவிட்டுப் போனால் பயனில்லை.

இவ்வளவு வேலை எதற்கு, முடியை ஒட்ட வெட்டிவிடுங்கள் என்று யோசனை சொல்கிறவர்கள் உண்டு. செய்யாதீர்கள். பொமரேனியனுக்கு ஒட்ட வெட்டினால் சிலதுக்கு முடி திரும்ப ஒழுங்காக வளர்வதில்லை, திட்டுத்திட்டாக வரும், சிலதுக்கு மாதக்கணக்கில் வராது. வெயில், குளிர் இரண்டுக்கும் அதுதான் காப்பு. பாதத்துக்கு அடியிலும் பின்பக்கமும் கொஞ்சம் கத்தரித்தால் போதும். பாத முடியைக் குறைத்தால் விரலிடுக்கில் அட்டை ஒட்டியிருந்தாலும் உடனே கண்ணில் படும். உப்பு வைத்தால் விழுந்துவிடும், அப்புறம் அந்த இடத்தைக் கழுவிவிட வேண்டும்.

குளிருக்கு இதமாக இருக்கும் என்று கரி அடுப்பை மூடிய அறைக்குள் வைத்துக்கொண்டு நாயோடு படுப்பதை மட்டும் அறவே வேண்டாம் என்பேன். நாய்க்கு அது தேவையே இல்லை, அந்தப் புகை மனிதர்களையே தூக்கத்தில் கொன்றிருக்கிறது.

அடுத்தது சிறுத்தை. நீலகிரியில் நாய் வளர்ப்பதைப் பற்றி எழுதிவிட்டு இதை எழுதாமல் விட முடியாது. குன்னூர், கோத்தகிரிப் பக்கம் வீட்டு வாசலுக்கே வந்து நாயைக் கவ்விக்கொண்டு போவது சிசிடிவியில் பலமுறை பதிவாகி எல்லார் போனிலும் சுற்றிய காட்சி. பக்கத்து வீட்டுப் பாட்டி கேரட்டைப் பார்த்த முதல் நாளே சொன்னார், "இது சிறுத்தைக்கு ஒரு வாய்க்குக்கூடக் காணாதே கண்ணு." அதனால் பொழுது சாய்ந்தால் விடியும்வரை இது வாசல் தாண்டாது. ராத்திரி ஒன்றுக்கு, இரண்டுக்கு எல்லாம் பின்கட்டில் வைத்த தட்டில்தான். குட்டியில் இருந்தே செய்தித்தாள் போட்டுப் பழக்கியதில் இது ஒன்றும் சிரமமாக இல்லை, சின்ன நாய் வளர்ப்பதில் எனக்குப் பிடித்த விஷயமே இதுதான். பகலில் தேயிலைத் தோட்டப் பாதையில் நடக்கும்போதும் கயிறு கையில் இருக்க வேண்டும். சிறுத்தையைவிட எனக்குப் பயம் காட்டுமாடு. இந்த ஜென்மம் தன் அளவு தெரியாமல் அதைப் பார்த்துக் குரைக்கும், மாட்டுக்குக் கோபம் வந்தால் கயிற்றின் இந்த முனையில் நிற்பது நான்.

கயிறு என்றதும் ஞாபகம் வருகிறது, கழுத்துப்பட்டையில் மாட்டாதீர்கள். டாய் என்கிற இந்தக் குட்டி இனங்களுக்கு மூச்சுக்குழாய் பலவீனம், இழுத்தால் அமுங்கும், வாத்து கத்துகிற மாதிரி வறட்டு இருமல் வரும். நெஞ்சில் மாட்டுகிற ஹார்னஸ்தான் சரி. முன்னங்கால் எலும்பு முருங்கைக்குச்சி மாதிரி, சோபாவில் இருந்து குதித்தே முறித்துக்கொள்கிற நாய்கள் இருக்கின்றன. இங்கே எக்ஸ்ரே, ஆபரேஷன் என்று போனால் கோவைக்கு இறங்க வேண்டி வரலாம், அதனால் சோபா பக்கத்தில் ஒரு பழைய மெத்தையை மடித்துப் போட்டுவிட்டோம். பல்லும் தொல்லை. பால்பல் விழாமல் பக்கத்திலேயே புதுப்பல் முளைத்து நிற்கும், டாக்டரிடம் காட்டி எடுக்க வேண்டும், பிறகு நாய் பேஸ்ட் போட்டுத் தேய்த்துவிட வேண்டும்.

சாப்பாட்டில் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. வேகவைத்த கோழி, கொஞ்சம் சோறு, கேரட், மிச்சத்துக்கு நாய்த்தீனி. வெங்காயம் பூண்டு சேர்ந்த குழம்புச் சோறு கூடாது. குட்டியாக இருக்கும்போது நேரம் தப்பினால் ரத்தத்தில் சர்க்கரை இறங்கி மயங்கிவிடும், கொஞ்சம் கொஞ்சமாக நாலு வேளை கொடுக்க வேண்டும். மலையில் கூடுதலாக ஒரு வில்லங்கம், வீட்டில் செய்கிற சாக்லேட். வருகிற விருந்தாளி எல்லார் கையிலும் ஒரு பொட்டலம், நாய்க்கும் ஒரு துண்டு நீட்டுவார்கள். பத்து கிராம் டார்க் சாக்லேட்டே இரண்டரைக் கிலோ நாய்க்குத் தொந்தரவு கொடுக்கப் போதும். பெரிய நாயாக இருந்தால் தப்பிக்கிற அளவு இதற்குத் தாங்காது.

வெறிநாய்க்கடி தடுப்பூசி தயாரித்துப் பேர் வாங்கிய பாஸ்டர் இன்ஸ்டிடியூட் 1907-ல் இருந்து குன்னூரில் இருக்கிறது. இருந்தும் "இது வீட்டுக்குள்ளேயே இருக்கிற நாய்தானே" என்று ஊசி போடாமல் விடுகிறவர்களை இங்கேயே பார்க்கிறேன். எங்களுக்கு அதில் சமரசம் இல்லை, வருஷா வருஷம் போட்டுவிடுவோம்.

மே மாதம் ஊட்டி கலைக் கல்லூரி மைதானத்தில் நாய்க் கண்காட்சி முடிந்ததும் சிலர் என்னிடம் விசாரிப்பார்கள். இன்னும் குட்டியான 'டீகப்' பொமரேனியன் என்று ஆசை காட்டினால் வாங்காதீர்கள், அப்படித் தனி இனமே கிடையாது, எட்டு வாரம் ஆகாத குட்டியைக் கொடுத்தாலும் வாங்காதீர்கள் என்பேன். அப்புறம் கேட்பேன், பகலில் வீட்டில் யார் இருப்பார்கள் என்று. தனியாக விட்டால் இது குரைத்தே தெருவைக் கூட்டிவிடும், பன்னிரண்டு பதினைந்து வருஷம் கூட இருக்கும் வேறு. கீழே கல்யாணம் காட்சி என்றால் கூட்டிப்போவதும் லேசில்லை, கொண்டை ஊசி வளைவுகளில் வாந்தி எடுத்துக்கொண்டே மேட்டுப்பாளையம் இறங்கினால் அங்கே ஏப்ரல் வெயிலில் நாக்கைத் தொங்கப் போட்டு மூச்சிரைக்கும். பெரும்பாலும் எங்களில் ஒருவர் மலையிலேயே தங்கிவிடுகிறோம், போன வைகாசியில் மாமியார் தங்கினார்.