பேயாட்டாவா, பீட்டரா?

1960-80களில் மேற்கு ஜெர்மனியில் எழுந்த 'புதிய ஜெர்மன் சினிமா' இயக்கத்தின் எடிட்டிங்கைப் படிக்க நினைப்பவர் முன் இரண்டு எடிட்டர்கள் நிற்கிறார்கள்.

பேயாட்டா மைன்கா-யெலிங்ஹவுஸ், இயக்குநர் அலெக்சாண்டர் குளூகேயின் படங்களில் வேலை செய்தவர். இன்னொரு இயக்குநர் வெர்னர் ஹெர்சாக்குக்கு 'அகிர்ரே' (1972), 'ஃபிட்ஸ்கரால்டோ' (1982) என்று பல படங்களை வெட்டிக் கொடுத்தவர். ஹெர்சாக்கின் 'வொய்செக்' பட எடிட்டிங் நான்கே நாளில் முடிந்தது. நீளமான ஷாட்டில் கை வைக்காமல் விடவும் துணிச்சல் வேண்டும் என்பது அதில் புரியும்.

பீட்டர் பிஷிகோடாவின் கதை வேறு. 1970 முதல் 2008 வரை, கிட்டத்தட்ட நாற்பது வருடம் இயக்குநர் விம் வெண்டர்ஸோடு. 'பாரிஸ், டெக்சஸ்' (1984) படத்தின் கண்ணாடி அறைக் காட்சியைப் பாருங்கள். டிராவிஸ், பிரிந்துபோன மனைவி ஜேனிடம் தொலைபேசியில் பேசுகிறான். கேட்கிற ஜேனின் முகத்துக்கு நெடுநேரம் கொடுக்கிறார் பீட்டர். அப்புறம் நடுவிலுள்ள கண்ணாடியில் அவன் முகம் அவள் முகத்தின்மேல் வந்து படிகிறது. எத்தனை தடவை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும்.

சரி, யாரிடம் தொடங்குவது? பீட்டரிடம்தான். வெட்டு எங்கே விழுகிறது, ஏன் விழுகிறது என்று அவரிடம் கண்ணால் பிடிக்கலாம். பேயாட்டாவிடம் அது சுலபத்தில் பிடிபடாது. 'அகிர்ரே' தொடக்கத்தில் மேகம் சூழ்ந்த ஆண்டிஸ் சரிவில் மனிதர்கள் எறும்புச்சாரையாக இறங்குவதை நாலு தடவையாவது பார்க்க வேண்டியிருக்கும்.