6 அங்குல ஆடி தேய்க்கும் கிட்: பொருள் அருமை, முதல் பக்கம் தவறு

தொலைநோக்கிக்கான ஆடியை வீட்டிலேயே கையால் தேய்த்துச் செய்ய உதவும் கிட் இது. இரண்டு மாதமாக என் மாலைகள் இதோடுதான் போயின. 6 அங்குல விட்டத்தில் இரண்டு கண்ணாடி வட்டுகள், கண்ணாடியைத் தேய்க்கும் கார்போரண்டம் தூள் பொட்டலங்கள், மெருகேற்ற சீரியம் ஆக்சைடு, பிட்ச் (மெருகேற்றும் தட்டின் மேல் பூசும் தார் போன்ற பிசின்), ஒரு கையேடு. 48 அங்குலக் குவியத் தூரம் (ஆடியிலிருந்து ஒளி குவியும் இடம் வரையுள்ள தூரம்) வரும்படி தேய்க்க வேண்டும். அதற்கு ஆடியின் நடுவில் விழ வேண்டிய குழி சுமார் 1.2 மில்லிமீட்டர்தான்!

தூள்களைத் தனித்தனியாக, இறுக்கமாக அடைத்திருக்கிறார்கள். இது பெரிய விஷயம். நைஸ் தூளில் ஒரே ஒரு கரடுமுரடான துகள் கலந்தாலும் கீறல் விழுந்து, பழைய கட்டத்துக்கே திரும்ப வேண்டியிருக்கும். எனக்கு ஒரு கீறல்கூட விழவில்லை. பிட்ச் மட்டும் கொஞ்சம் கடினம். உருக்கி இளக்கிய பிறகுதான் ஆடியோடு படிந்தது. கடைசியில் இருட்டறையில் எட்டு அடி தள்ளி ரேஸர் பிளேடை வைத்து, ஆடியின் வளைவு சரியா என்று நிழலைக் கொண்டு பார்க்கும் கத்திமுனைச் சோதனை செய்தபோது, என் கையால் தேய்த்த கண்ணாடியில் நிழல் மேடும் பள்ளமுமாகத் தெரிந்தது. அன்று இரவு தூக்கம் வரவில்லை.

சரி, குறைக்கு வருகிறேன். கையேட்டின் முதல் பக்கம், தொலைநோக்கியை வீட்டிலேயே செய்யும் பழக்கத்தை 1960-களில் ஜான் டாப்சன் தொடங்கிவைத்தார் என்கிறது. டாப்சன் மேல் எனக்கு மிகுந்த மரியாதை உண்டு. தொலைநோக்கியை ஏந்தும் எளிய மரப்பெட்டித் தாங்கியைப் பரவலாக்கி, சான் பிரான்சிஸ்கோ நடைபாதைகளில் போவோர் வருவோருக்கெல்லாம் நிலாவைக் காட்டியவர் அவர். ஆனால் தொடக்கம் அவர் இல்லை.

அயர்லாந்தில் பாதிரியார் வில்லியம் எல்லிசன், 1920-லேயே அமெச்சூர்களுக்கென்று நூல் எழுதிவிட்டார். தேய்க்கும் முறை, பிட்ச் தட்டு, கத்திமுனைச் சோதனை என்று இந்தக் கையேடு சொல்லித்தரும் அடிப்படை எல்லாம் அதில் இருக்கிறது. அதே 1920-ல், அமெரிக்காவின் வெர்மான்ட் மாநிலத்தில் ஸ்பிரிங்ஃபீல்டு என்ற சிற்றூரில், ரஸ்ஸல் போர்ட்டர் இயந்திரத் தொழிற்சாலை ஆட்களைச் சேர்த்துக்கொண்டு ஆடி தேய்க்கக் கற்றுக்கொடுத்தார். அந்த வகுப்பில் ஒரு பெண்ணும் இருந்தார். அவர்கள் பிறகு 1923-ல் சங்கம் அமைத்து, குன்றின் மேல் ஸ்டெல்லாஃபேன் என்ற கூடத்தையும் கட்டினார்கள்.

இந்தச் செய்தியை ஊர் உலகத்துக்குக் கொண்டுபோனவர் ஆல்பர்ட் இங்கல்ஸ். 'சயின்டிஃபிக் அமெரிக்கன்' இதழின் ஆசிரியர் குழுவில் இருந்தவர். 1925 நவம்பரில் ஸ்பிரிங்ஃபீல்டு குழுவைப் பற்றி எழுதினார். அடுத்த ஆண்டு செய்முறை நூலையே தொகுத்துக் கொண்டுவந்தார். அதில் போர்ட்டரின் பாடங்களோடு எல்லிசனின் பாடத்தையும் அவர் பெயரிலேயே சேர்த்தார். தனக்கு முன்னால் செய்தவரை மறைக்கவில்லை. எனக்கு இங்கல்ஸைப் பிடிப்பதே இதனால்தான்.

கிட்டுக்கு ஐந்தில் நாலரை தருகிறேன். கையேட்டின் செய்முறைப் பகுதியும் தெளிவு. அடுத்து 8 அங்குலக் கிட்டையும் இவர்களிடமே வாங்கப்போகிறேன். அதற்குள் முதல் பக்கத்தில் எல்லிசன், போர்ட்டர், இங்கல்ஸ் மூவர் பெயரும் வரவேண்டும் என்று ஆண்டு விவரங்களோடு எழுதி அனுப்பியிருக்கிறேன்.