நான்கு ஆண்டுகளாக ஒரு கிதார் டேப் செயலியோடு: கோளாறு தாளிலா, ஒலியிலா?

கிதார் டேப் (எந்தத் தந்தியில் எந்த இடத்தை அழுத்த வேண்டும் என்று எண்களால் காட்டும் குறிப்பு) எழுதும் செயலி ஒன்றை நான்கு ஆண்டுகளாக ஏறக்குறைய தினமும் பயன்படுத்துகிறேன். மடிக்கணினியில் எழுதுவேன். வாசித்துப் பழகும்போது போனில் திறந்து வைத்துக்கொள்வேன். பெயரைச் சொல்லவில்லை, ஏனென்றால் நான் பட்ட பாடுகளில் பெரும்பாலானவை இந்த வகைச் செயலிகள் எல்லாவற்றிலும் வரக்கூடியவை. முதல் ஆண்டில் மட்டும் மூன்று முறை அதை நீக்கிவிட்டு மறுபடி நிறுவினேன். மூன்று முறையும் பிரச்சினை அப்படியே இருந்தது.

எனக்குப் பிடிபடக் கொஞ்ச காலம் ஆன விஷயம் இதுதான். இந்தச் செயலிக்குள் இரண்டு வேலை நடக்கிறது. நாம் எழுதுவதைத் தாளாக வைத்துக்கொள்வது ஒன்று, அந்தத் தாளை ஒலியாக மாற்றுவது இன்னொன்று. கோளாறு எந்தப் பக்கம் என்று முதலில் பிரித்துவிட்டால் பாதி வேலை முடிந்தது. அதற்கு நான் செய்வது மிக எளிது: சந்தேகப்படும் பாரை (தாளத்தின் ஒரு சுற்று) மட்டும் ஒரு புதிய கோப்பில், ஒரே டிராக்கில் (ஒரு கருவிக்கான வரிசை) எழுதிப் பார்ப்பேன். அங்கேயும் தப்பாக வந்தால் எழுதியதில்தான் பிழை. அங்கே சரியாக வந்தால் பழைய கோப்பின் ஒலி அமைப்பில் எங்கோ சிக்கல்.

புதிதாக வருபவர்கள் முதலில் மாட்டிக்கொள்வது சிவப்பு பாரில். பாருக்குள் இருக்கும் நோட்டுகளின் கூட்டு நீளம் தாளத்துக்குப் பொருந்தாவிட்டால் என் செயலி அந்த பாரைச் சிவப்பாகக் காட்டும். ஒருநாள் ஒரு 4/4 பார், அதாவது நான்கு அடி கொண்டது, என்னை அரைமணி நேரம் உட்கார வைத்தது. புள்ளி வைத்த குவாட்டர் நோட் ஒன்று, எய்த் நோட் ஒன்று, குவாட்டர் நோட் ஒன்று, கடைசி அடியில் ட்ரிப்லெட்டாக, அதாவது ஒரே அடிக்குள் சமமாக, மூன்று நோட். ஒன்றரை, அரை, ஒன்று, ஒன்று என்று கூட்டினால் சரியாக நான்கு. ஆனாலும் சிவப்பு. திரையைப் பெரிதாக்கிப் பார்த்தபோதுதான் தெரிந்தது, 3 என்று எழுதிய அடைப்புக்கோடு இரண்டு நோட்டுக்கு மேல்தான் இருந்தது, மூன்றாவது வரை போகவில்லை. ஒரு குவாட்டர் நோட்டை 480 துணுக்காகப் பிரித்தால், ட்ரிப்லெட் எய்த் ஒவ்வொன்றும் 160, சாதாரண எய்த் 240. அப்போது 160, 160, 240 சேர்ந்து 560 ஆகிறது. 80 துணுக்கு அதிகம். கண்ணுக்குத் தெரியாத அந்த 80தான் பாரைச் சிவப்பாக்கியது. மூன்று நோட்டையும் ஒன்றாகத் தேர்ந்தெடுத்து ட்ரிப்லெட் பொத்தானை அழுத்தினால் இந்தப் பிழை வராது. ஒவ்வொன்றாக அழுத்தும்போது ஒன்று விட்டுப்போகும். இதெல்லாம் சரியாக இருந்தும் சிவப்பு போகவில்லையா? இரண்டாவது குரலை (அதே பாரில் கூடவே ஓடும் இன்னொரு நோட்டு வரிசை) திறந்து பாருங்கள். எப்போதோ கை தவறி விழுந்த ஒரு ஓய்வுக்குறி அங்கே தனியாகக் கிடக்கும்.

அடுத்தது, என்னை மிகவும் வருத்திய விஷயம். லீட் கிதாரில் ஒரு முழு டோன் பெண்ட் (தந்தியை வளைத்துச் சுருதியை ஏற்றுவது) எழுதியிருந்தேன். பின்னால் ரிதம் கிதார் ஒரு கார்டை (சேர்ந்து ஒலிக்கும் சில நோட்டுகள்) பிடித்துக்கொண்டு நிற்கிறது. பெண்ட் வரும் இடத்தில் அந்தக் கார்டும் சேர்ந்து மேலே இழுபட்டது. கேட்கவே கஷ்டமாக இருந்தது. தனித்தனியாக ஒலிக்கவிட்டால் இரண்டும் சுத்தமாக இருக்கும், சேர்ந்தால்தான் கெடும். நான் எழுதியது எதிலும் தப்பில்லை. காரணம் மிடி, அதாவது நோட்டுகளை ஒலிக்கருவிக்குக் கட்டளைகளாக அனுப்பும் முறை, வேலை செய்யும் விதம். மிடியில் கட்டளைகள் போக மொத்தம் 16 சேனல்கள். பெண்ட் என்பது நோட்டுக்கு நோட்டு போகும் கட்டளை இல்லை, சேனல் முழுவதற்கும் போகும் கட்டளை. என் இரண்டு டிராக்கும் ஒரே சேனலில் இருந்தன. டிராக் அமைப்பில் ரிதத்துக்கு வேறு எண் கொடுத்ததும் கார்டு அசையாமல் நின்றது. ஒரே டிராக்குக்குள் ஒரு தந்தியை வளைத்து இன்னொரு தந்தியைப் பிடித்து வைத்தாலும் இதே சிக்கல் வரும். அதற்கென்று சில செயலிகளில் டிராக்குக்கு இரண்டாவது சேனல் ஒன்று தருகிறார்கள். அந்த வசதி இருந்தால் கட்டாயம் போட்டு வையுங்கள். சேனல் எண் கொடுக்கும்போது 10ஐத் தொடாதீர்கள், அது தாளக் கருவிகளுக்கானது. ஒருமுறை என் பேஸ் டிராக் அதில் போய் உட்கார்ந்து, ஒவ்வொரு நோட்டுக்கும் ஒரு டிரம் சத்தம் வந்தது.

இதோடு சேர்ந்த இன்னொன்று: மிடியாக ஏற்றுமதி செய்து வேறு மென்பொருளில் திறந்தால் பெண்ட் அளவு மாறிப்போகலாம். பெண்டின் வழக்கமான எல்லை மேலும் கீழும் இரண்டு செமிடோன், அதாவது ஒரு முழு டோன். அதற்கு மேல் வளைக்க எல்லையை மாற்றச் சொல்லித் தனிக் கட்டளை போக வேண்டும். எதிர்ப்பக்கம் அதைக் கவனிக்காவிட்டால் ஒன்றரை டோன் பெண்ட் குறைவாகத்தான் ஏறும்.

ஒலி தாமதமாக வருகிறது, மெட்ரோனோமோடு ஒட்டவில்லை என்று பலர் சொல்லிக் கேட்டிருக்கிறேன். நானும் அப்படித்தான் நினைத்தேன். என் விஷயத்தில் காரணம் ப்ளூடூத் ஹெட்போன். ஒலியைச் சுருக்கி அனுப்பி, அந்தப் பக்கம் விரித்துக் கேட்க வைப்பதற்குள் நேரம் போய்விடுகிறது. வெறுமனே கேட்பதற்கு அது போதும், கூடவே கிதார் வாசிக்க முடியாது. வயர் ஹெட்போன் போட்டேன், தீர்ந்தது. மடிக்கணினியில் கரகரவென்று வந்தால் பஃபர் அளவை (ஒலியை ஒரு தடவைக்கு எத்தனை சாம்பிளாகச் சேர்த்து அனுப்புவது என்பது) பாருங்கள். 44,100 ஹெர்ட்ஸில் 128 சாம்பிள் என்றால் கணினிக்குக் கிடைக்கும் அவகாசம் சுமார் 3 மில்லிசெகண்ட்தான். 512 என்று வைத்தால் சுமார் 12 மில்லிசெகண்ட். டேப் எழுதும்போது 512 தாராளமாகப் போதும். கிதாரை நேரடியாகக் கணினியில் செருகி வாசிப்பவர்கள்தான் அதைக் குறைக்கத் தேவை இருக்கிறது.

சத்தமே வரவில்லை என்றால், வேறு எங்கும் தேடுவதற்கு முன் ஏதாவது ஒரு டிராக்கில் சோலோ பொத்தான் (அந்த டிராக்கை மட்டும் ஒலிக்கவிடுவது) அழுத்தியபடி இருக்கிறதா என்று பாருங்கள்.

மிடி கோப்பை இறக்குமதி செய்து டேப் ஆக்குபவர்கள், வரும் ஃப்ரெட் (கிதாரின் கழுத்தில் விரல் வைக்கும் கட்டம்) எண்களைக் கண்டு மிரள வேண்டாம். அது செயலியின் பிழை என்று நான் நெடுநாள் நினைத்திருந்தேன். மிடியில் நோட்டின் எண் மட்டும்தான் இருக்கும், எந்தத் தந்தி என்று இருக்காது. முதல் தந்தியைத் திறந்து மீட்டினால் வரும் நோட்டின் எண் 64. அதே 64 இரண்டாம் தந்தியில் 5ஆம் ஃப்ரெட், மூன்றாம் தந்தியில் 9, நான்காவதில் 14, ஐந்தாவதில் 19, ஆறாவதில் 24. ஆறு இடம்! எதைக் கை எட்டும் என்று செயலி ஊகிக்கிறது, அவ்வளவுதான். நான் முதலில் வாசித்துப் பார்த்து, கை எந்த இடத்தில் நிற்கிறதோ அதற்கேற்ப நோட்டுகளை அடுத்த தந்திக்கு நகர்த்துவேன். நல்ல செயலியில் சுருதி மாறாமல் தந்தியை மட்டும் மாற்றக் குறுக்குவிசை இருக்கும். எனக்கு மிகவும் பயன்படும் விசை அதுதான். கோப்பு மியூசிக்எக்ஸ்எம்எல் (இசைத்தாளைச் செயலிக்குச் செயலி கொண்டுபோகும் வடிவம்) வடிவில் கிடைத்தால் அதையே வாங்குங்கள், அதில் தந்தியையும் ஃப்ரெட்டையும் குறித்து வைக்க இடம் இருக்கிறது.

டியூனிங் மாற்றும்போது வரும் கேள்வியை அவசரமாகத் தாண்டாதீர்கள். ஆறாம் தந்தியை டிராப் டி-க்கு, அதாவது ஒரு முழு டோன் கீழே, இறக்கினேன். ஃப்ரெட் எண்ணை அப்படியே வைக்கவா, ஒலியை அப்படியே வைக்கவா என்று செயலி கேட்டது. படிக்காமல் சரி என்று அழுத்திவிட்டேன். ஆறாம் தந்தியில் இருந்த 0 எல்லாம் 2 ஆனது, 3 எல்லாம் 5 ஆனது. ஏற்கனவே எழுதிய பாட்டு அதே ஒலியில் வேண்டுமானால் அது சரியான பதில். டிராப் டி-யிலேயே வாசித்துவிட்டு எண்களை எழுதியவருக்கு அது தவறான பதில். நான் இரண்டாவது வகை.

பாடல் வரிகளைத் தமிழில் போடுவதில் இன்னும் எனக்கு முழுத் திருப்தி இல்லை. திரையில் அழகாக இருக்கும் ‘கொ’, பிடிஎஃப் ஆக்கியதும் கொம்பு ஒரு பக்கம், கால் ஒரு பக்கம் என்று பிரிந்து நிற்கும். எழுத்துருவை மாற்றிப் பார்த்தேன், சில எழுத்துருக்களில் சரியாக வருகிறது, சிலவற்றில் கட்டம் கட்டமாக வருகிறது. ஏற்றுமதி செய்வதைவிட, அச்சிடும் சாளரம் வழியாக பிடிஎஃப்பாகச் சேமித்தால் எனக்கு நன்றாக வருகிறது. பழைய கோப்பு வடிவத்தில் சேமித்தால் வரிகள் முழுக்கக் கேள்விக்குறிகளாக மாறிவிட்டன. அதனால் வரிகள் உள்ள கோப்பைப் புதிய வடிவத்தில் மட்டுமே சேமிக்கிறேன்.

கடைசியாக, கோப்பு இழந்த கதை. ஒரே பாட்டை மடிக்கணினியில் திறந்து வைத்துவிட்டு, போனிலும் திறந்து இரண்டு பாரைத் திருத்தினேன். மேகச் சேமிப்பு எது புதியது என்று தடுமாறியது. மறுநாள் திறந்தபோது போனில் திருத்திய அந்த இரண்டு பார் இருந்தன, மடிக்கணினியில் எழுதிய 32 பார் சோலோ இல்லை. தானியங்கிச் சேமிப்பு தன் வேலையைச் சரியாகத்தான் செய்திருந்தது, பழையதன் மேல் எழுதிவிட்டது. அதில் பாதியைக் காதால் நினைவுபடுத்தி மறுபடி எழுதினேன். மீதி வேறு மாதிரி வந்துவிட்டது. இப்போது ஒவ்வொரு முறை உட்காரும்போதும் கோப்பின் பெயரில் எண்ணைக் கூட்டிப் புதிதாகச் சேமிக்கிறேன். ஒரு பாட்டு முடிந்ததும் மியூசிக்எக்ஸ்எம்எல் நகல் ஒன்று, பிடிஎஃப் ஒன்று எடுத்துத் தனியாக வைக்கிறேன். போனில் திறப்பது அந்த பிடிஎஃப்பை மட்டும்தான்.