பூமிச் சூட்டில் மின்சாரம்: மூன்று வழிகளில் நமக்கு எது?

கொடியில் காயப்போட்ட வேட்டியில் படிந்த நிலக்கரிச் சாம்பலைத் தட்டித் தட்டியே எண்ணூரில் வளர்ந்தவன் நான். எதையும் எரிக்காமல் இராப்பகலாக ஓடும் மின் நிலையம் என்றால் காது தானாக நீளும். புவிவெப்ப மின்சாரம் அப்படிப்பட்டது. அதை எடுக்க மூன்று வழிகள்.

முதலாவது, உலர் நீராவி. நிலத்தடி ஆவியே நேராக டர்பைனை, அதாவது மின்னாக்கியை ஓட்டும் சக்கரத்தை, சுழற்றும். இத்தாலியின் லார்தெரெல்லோவில் 1904இல் நிலத்தடி ஆவியின் சூட்டைக் கொண்டுதான் ஐந்து பல்புகள் எரிந்தன. இதைவிட எளிய ஏற்பாடு இல்லை. ஆனால் தண்ணீர் கலக்காத ஆவி கிடைக்கும் இடங்கள் அபூர்வம். கிடைத்தாலும் குறையும். கலிஃபோர்னியாவின் கீஸர்ஸ் புவிவெப்பக் களத்தில் ஆவி குறைந்தபோது, சுற்றுவட்டார ஊர்களின் சுத்திகரித்த கழிவுநீரைக் குழாயில் கொண்டுவந்து பூமிக்குள் செலுத்தினார்கள். கொடுங்கையூர்க் கழிவுநீர் சுத்தமாகி மணலி ஆலைகளுக்குப் போவதை அறிந்த நமக்கு இது புதிதல்ல.

இரண்டாவது, ஃப்ளாஷ். மூடிய குக்கருக்குள் தண்ணீர் 100 டிகிரியைத் தாண்டியும் தண்ணீராகவே நிற்கும் அல்லவா? ஆழத்தில் 180 டிகிரிக்கு மேல் அப்படி அமுங்கிக் கிடக்கும் நீரை மேலே கொண்டுவந்து அழுத்தத்தைக் குறைத்தால், ஒரு பகுதி குப்பென்று ஆவியாகும். நியூசிலாந்தின் வைராக்கெய் 1958 முதல் இப்படி ஓடுகிறது. அங்கே எடுத்த நீரை நெடுங்காலம் திருப்பிச் செலுத்தாததால் நிலம் பல மீட்டர் தாழ்ந்தது. கென்யாவில் மின்சாரத்தின் 40 சதவீதத்துக்கு மேல் பூமிச் சூட்டில்தான்; பெரும்பாலும் இதே முறை.

என் ஓட்டு மூன்றாவதான பைனரிக்கு. சுடுநீர் டர்பைனைத் தொடுவதே இல்லை. பென்டேன் போல, குறைந்த சூட்டிலேயே கொதிக்கும் ஒரு திரவத்தைக் கொதிக்க வைத்துவிட்டு மீண்டும் பூமிக்குள் போய்விடும். அந்தத் திரவத்தின் ஆவிதான் டர்பைனைச் சுழற்றும். அலாஸ்காவின் சேனாவில் 74 டிகிரி நீரில் 2006இல் மின்சாரம் எடுத்துக் காட்டினார்கள். ஆனால் சூட்டில் சுமார் பத்தில் ஒரு பங்குதான் மின்சாரமாகும். ஆவியான திரவம் மறுபடி குளிர்ந்தும் ஆக வேண்டும். கத்திரி வெயிலில் சென்னைக் காற்றை நம்பி அதைச் செய்தால் உற்பத்தி படுத்துவிடும்.

நம் காலடியில் கொதிநீரும் இல்லை. லடாக்கின் பூகா பள்ளத்தாக்கில் இரண்டும் சேர்ந்திருக்கின்றன: 4,400 மீட்டர் உயரத்துக் குளிர்காற்று, பக்கத்திலேயே சுடுநீர். அங்கே 1 மெகாவாட் நிலையத்துக்கு ஓஎன்ஜிசி 2021இல் ஒப்பந்தம் போட்டது. அந்த மின்சாரம் சென்னைக்கு வராது, வரவும் வேண்டாம். பனிக்காலத்தில் டீசல் புகையில் விளக்கேற்றும் அங்குள்ள ஊர்களுக்கு முதலில் போகட்டும்.