பூர்வீக நிலமும் குத்தகை வாதமும்: சட்டப் பணிகள் குழுவின் இலவச ஆலோசனை பற்றி

பாகப்பிரிவினை ஆகாத பூர்வீக நிலத்தில் பங்கு கேட்கும்போது, "நான் இங்கே குத்தகைதாரன், என்னை வெளியேற்ற முடியாது" என்று பயிர் செய்துவரும் பங்காளியே சொல்லிவிட்டால் வழக்கின் போக்கே மாறிவிடுகிறது. யாருக்கு எவ்வளவு பங்கு என்பதை உரிமையியல் நீதிமன்றம் விசாரிக்கும். குத்தகைதாரரா இல்லையா என்பதோ வருவாய்த் துறை அதிகாரிகளிடம் போய்விடக்கூடும். தாத்தாவின் நன்செயில் என் தந்தையின் பங்கைக் கேட்டபோது சித்தப்பா இந்த வாதத்தைத்தான் வைத்தார். அப்போது நான் நாடியது, எங்கள் வட்ட நீதிமன்ற வளாகத்தில் இயங்கும் சட்டப் பணிகள் குழுவை.

1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டம், 12-ஆவது பிரிவின்படி, பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச சட்ட உதவி உண்டு. பிறந்த வீட்டு நிலத்தில் பங்கு கேட்கத் தயங்கி நிற்கும் பெண்களிடம் இந்த ஒரு செய்தியை எத்தனை முறை சொன்னாலும் தகும். விண்ணப்பத்தை எழுதித் தரவும் அங்கே ஆள் இருந்தார்கள்.

எனக்கு ஒதுக்கப்பட்ட வழக்கறிஞரின் பணிக்குத்தான் இந்த மதிப்புரையில் முதல் மதிப்பெண். பட்டாவை ஓரமாக வைத்துவிட்டு, யார் என்ன பயிர் செய்தார் என்பதை ஆண்டுதோறும் பதியும் கிராமக் கணக்கான அடங்கலின் நகல்களை முதலில் கேட்டார். சாகுபடியாளர் என்ற இடத்தில் ஆண்டுதோறும் சித்தப்பாவின் பெயரே இருந்ததைக் கண்டு நான் சோர்ந்தபோது, பயிர் செய்தவர் யார் என்பதைத்தான் அது காட்டுகிறது என்றும், எந்த உரிமையில் பயிர் செய்தார் என்பதற்கு அது மட்டும் போதாது என்றும் விளக்கினார். 1955-ஆம் ஆண்டின் சாகுபடி குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம், பிறருக்குச் சொந்தமான நிலத்தில், வெளிப்படையாகவோ உட்கிடையாகவோ அமைந்த குத்தகை ஒப்பந்தத்தின் கீழ், தானோ தன் குடும்பத்தாரோ உடலுழைப்பைச் செலுத்திப் பயிரிடுபவரையே குத்தகைதாரர் என்கிறது. கூட்டுப்பட்டாவில் உள்ள ஒரு பங்காளியின் அனுபவம், பொதுவாக எல்லாப் பங்காளிகளுக்காகவும் உள்ள அனுபவமாகவே கொள்ளப்படும். மற்றவர்களின் பங்கை அவர் குத்தகைக்கு எடுத்திருக்கவும் முடியும்தான். ஆனால் அப்படி எடுத்ததை அவரே மெய்ப்பிக்க வேண்டும்.

பிறகு அப்பாவின் கணக்கு நோட்டைப் புரட்டினார். ஒவ்வோர் அறுவடைக்கும் "தம்பி கொடுத்தது" என்று எழுதி அதன் கீழே மூட்டைக் கணக்கு இருந்தது. ஓராண்டு கூடியும் மறு ஆண்டு குறைந்தும் இருந்த அந்தக் கணக்கில், மழை பொய்த்த ஆண்டுக்கு ஒன்றுமே இல்லை. குத்தகை என்ற சொல் எந்தப் பக்கத்திலும் காணப்படவில்லை. நான் மகிழ்ந்துபோனேன். அவரோ, விளைச்சலுக்கேற்பக் கூடிக் குறைவது, விளைச்சலில் ஒரு பங்கைக் கொடுக்கும் வாரக் குத்தகைக்கும் பொருந்தும், எதிர்த்தரப்பு அதைச் சொல்லக்கூடும் என்று அப்போதே எச்சரித்தார். நமக்குச் சாதகமான ஆவணத்தில் உள்ள பலவீனத்தையும் நம்மிடமே சொல்லும் வழக்கறிஞரைக் கட்டணம் கொடுத்துத் தேடினாலும் எளிதில் கண்டுபிடிக்க முடியாது.

அவர் அழுத்திச் சொன்ன இன்னொன்று, 1969-ஆம் ஆண்டின் குத்தகை உரிமைப் பதிவுச் சட்டத்தைப் பற்றியது. தன் பெயரைக் குத்தகைதாரராகப் பதியக் கேட்டு சித்தப்பா விண்ணப்பித்து அதன் அறிவிப்பு எங்களுக்கு வந்தால், ஒரு நாளும் தாமதிக்காமல் எழுத்து மூலம் ஆட்சேபணை கொடுக்க வேண்டும். ஏறிவிட்ட பதிவு, தவறென மெய்ப்பிக்கப்படும் வரை சரியானதாகவே கருதப்படும். நீதிமன்றத்தில் வழக்குத்தான் நடக்கிறதே என்று சும்மா இருந்துவிட்டு இதில் கோட்டைவிடும் குடும்பங்கள் உண்டு என்றார்.

மகளுக்குப் பங்கு உண்டா என்ற கேள்வியில் அவர் அதிக நேரம் செலவிடவில்லை. 2005-ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைத் திருத்தமும், 2020-இல் வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பும் கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்குப் பிறப்பிலேயே உரிமை உண்டு என்று உறுதிசெய்துவிட்டன. அதே திருத்தம், குத்தகை உரிமை யாருக்குப் போய்ச் சேரும் என்பதை வேளாண் நிலச் சட்டங்களுக்கு விட்டுவைத்திருந்த 4(2) பிரிவையும் நீக்கியது என்பது எனக்குப் புதிய செய்தி.

குறைகளும் உண்டு. ஆலோசனை முழுவதும் வாய்மொழியாகவே நடந்தது. சட்டப் பிரிவுகளையும் அடுத்த நடவடிக்கைகளையும் ஒரு தாளில் எழுதித் தந்திருந்தால், வீட்டில் என் அம்மாவுக்கும் தங்கைக்கும் எடுத்துச் சொல்ல வசதியாக இருந்திருக்கும். ஒதுக்கப்பட்டவர் நீதிமன்றத்தில் இருக்கும் நாட்களில் வெகுநேரம் காத்திருக்க நேர்ந்தது. வருவாய்க் கோட்டாட்சியர் முன் நடக்கும் விசாரணையில் அனுபவமுள்ளவர்கள் யார் என்பது குழுவின் வழக்கறிஞர் பட்டியலில் தெரியாததால், நிலப் பிரச்சினைக்குப் பொருத்தமானவர் கிடைப்பது ஓரளவு வாய்ப்பைப் பொறுத்தது.

வழக்குத் தொடுக்கும் முன்பே சித்தப்பாவை அழைத்துப் பேச அதே குழு ஏற்பாடு செய்தது. சமரசம் எட்டி மக்கள் நீதிமன்றத்தில் தீர்வு பதிவானால் அதற்கு நீதிமன்றத் தீர்ப்பாணையின் மதிப்பு உண்டு, மேல்முறையீடு கிடையாது. முதல் அமர்வில் சித்தப்பா குத்தகை வாதத்தை விடவில்லை. ஆனாலும் நிலத்தை அளந்து பார்க்கச் சம்மதித்திருக்கிறார். அடுத்த அமர்வுக்கு மூலப்பத்திரம், வாரிசுச் சான்றிதழ், வில்லங்கச் சான்று, தீர்வை ரசீதுகள் ஆகியவற்றோடு அந்தக் கணக்கு நோட்டின் அசலையும் எடுத்துவரச் சொல்லியிருக்கிறார்கள்.