சி-யிலிருந்து டி-க்கு: நாலு வருஷமாக கேம்களைச் சுமந்து திரிந்த அனுபவம்

நாலு வருஷத்தில் ஐந்து முறை என் கேம்களை டிரைவ் விட்டு டிரைவ் மாற்றியிருக்கிறேன். அதில் இரண்டு முறை சொதப்பினேன். ஒரு முறை தம்பி என்னோடு ஒரு வாரம் பேசவில்லை.

2022-இல் இந்த கம்ப்யூட்டரை அசெம்பிள் செய்தபோது கிராபிக்ஸ் கார்டுக்கே பணம் எல்லாம் போய்விட்டது. விண்டோஸுக்கு ஒரு 256 ஜிபி எஸ்எஸ்டி (ஹார்ட் டிஸ்க்கைவிட வேகமான டிரைவ்), மற்றதற்கெல்லாம் பழைய கம்ப்யூட்டரிலிருந்து கழற்றிய 1 டிபி ஹார்ட் டிஸ்க் என்று ஒப்பேற்றினேன். அவசரத்தில் முதல் மூன்று கேம்களை சி டிரைவிலேயே இன்ஸ்டால் செய்துவிட்டேன். ஒரே மாதத்தில் சி டிரைவின் பட்டை சிவப்பாகிவிட்டது. விண்டோஸ் அப்டேட்டுக்கே இடம் இல்லை.

"அழிச்சிட்டு திரும்ப டவுன்லோட் பண்ணிக்க வேண்டியதுதானே" என்று கேட்பவர்கள் வேகமான இணைப்பு உள்ள புண்ணியவான்கள். எங்கள் வீட்டில் அப்போது 50 எம்பிபிஎஸ். கணக்குப் போட்டால் நொடிக்கு ஆறு எம்பி சொச்சம். ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2 என்ற கேம் சுமார் 120 ஜிபி. யாரும் யூடியூப் பார்க்காமல் இருந்தாலே ஐந்தரை மணி நேரம் ஆகும். வீட்டில் நாலு பேர், நாலு போன், ஒரு டிவி. அதையே ஹார்ட் டிஸ்க்கிலிருந்து எஸ்எஸ்டிக்கு நகர்த்தினால் அரை மணிக்குள் முடிந்துவிடும்.

கேம்களை வாங்கி இறக்கி ஆடும் ஸ்டீம் ஆப்பில் இந்த வேலை சுலபம். செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பக்கம் போய் புது டிரைவைச் சேர்த்துவிட்டால் அதில் ஒரு லைப்ரரி ஃபோல்டர் உருவாகும். பழைய டிரைவில் வேண்டிய கேம்களை டிக் செய்து மூவ் கொடுத்தால் போதும். 2017-க்கு முன்னால் இந்த வசதியே கிடையாது, எல்லோரும் கையால்தான் ஃபோல்டரைத் தூக்கிக்கொண்டு அலைந்தார்கள். முதல் முறை மூன்று கேம்களையும் இப்படித்தான் ஹார்ட் டிஸ்க்குக்குத் தள்ளினேன். ஒரு பிரச்சினையும் இல்லை. அந்தத் தெம்பில்தான் அடுத்த முறை கோட்டை விட்டேன்.

அதைச் சொல்வதற்கு முன், உள்ளே என்ன நடக்கிறது என்று சொல்லிவிடுகிறேன். கேமின் கோப்புகள் ஸ்டீம்ஆப்ஸ் என்ற ஃபோல்டருக்குள் காமன் என்ற ஃபோல்டரில் இருக்கும். அதற்கு வெளியே, ஸ்டீம்ஆப்ஸிலேயே, ஒவ்வொரு கேமுக்கும் ஆப்மேனிஃபெஸ்ட் என்று தொடங்கி ஒரு எண்ணோடு முடியும் சின்ன ஏசிஎஃப் கோப்பு ஒன்று இருக்கும். விட்சர் 3-க்கு அந்த எண் 292030. ரெட் டெட் 2-க்கு 1174180. கேமின் ஸ்டோர் பக்க முகவரியிலேயே அந்த எண்ணைப் பார்க்கலாம். சில கேபி கூட இல்லாத அந்தக் கோப்புதான் பட்டா. நிலத்தை உழுது பயிர் வைத்திருந்தாலும் பட்டா வேறு ஊர் ரிக்கார்டில் இருந்தால் கதை என்னவோ அதேதான் இங்கேயும். 120 ஜிபி புது டிரைவில் பத்திரமாக இருக்கும், ஆனால் பட்டா பழைய டிரைவில் இருந்தால் "கேம் இன்ஸ்டால் ஆகவில்லை" என்று ஸ்டீம் சாதிக்கும். இல்லையென்றால் பழைய இடத்திலேயே முழுசாக டவுன்லோட் செய்யக் கிளம்பிவிடும்.

2023-இல் ஒரு 1 டிபி என்விஎம்இ (இன்னும் வேகமான எஸ்எஸ்டி வகை) வாங்கினேன். மூவ் பட்டன் ஒவ்வொரு கேமாக வரிசையில் போட்டு நகர்த்துவது மெதுவாகத் தோன்றியது. நேரடியாக காமன் ஃபோல்டரைத் திறந்து, ஐந்து கேம்களைத் தேர்ந்தெடுத்து, கட் செய்து பேஸ்ட் கொடுத்தேன். காப்பி கூட இல்லை, கட்! அன்றைக்கு எங்கள் ஏரியாவில் மாதாந்திரப் பராமரிப்பு, ஒன்பது மணிக்குக் கரண்ட் நிறுத்துவார்கள் என்று முந்தின நாளே மெசேஜ் வந்திருந்தது. மறந்துவிட்டேன். ஒன்பது அடித்ததும் ஃபேன் நின்றது, கம்ப்யூட்டரும் நின்றது. யுபிஎஸ் பேட்டரி செத்து மாசக்கணக்கு ஆகியிருந்தது.

சாயங்காலம் கரண்ட் வந்து பார்த்தால் ரெட் டெட் பாதி அங்கே, பாதி இங்கே. கட் செய்ததால் முழுப் பிரதி எந்தப் பக்கமும் இல்லை. ஸ்டீமைத் திறந்ததும் அப்டேட் வேண்டும் என்று டவுன்லோடைத் தொடங்கியது. பதறிப்போய் நிறுத்தினேன். அப்புறம் நிதானமாக யோசித்து, மீதிக் கோப்புகளைப் புது டிரைவுக்குக் காப்பி செய்தேன். ஸ்டீமை முழுசாக மூடிவிட்டு ஏசிஎஃப் கோப்பையும் கொண்டுபோய் வைத்தேன். பிறகு ப்ராப்பர்டீஸில் போய் கோப்புகளைச் சரிபார்க்கும் வெரிஃபை வேலையை ஓட விட்டேன். கரண்ட் போன நொடியில் எழுதிக்கொண்டிருந்த ஒரு கோப்பு மட்டும் அரைகுறையாக இருந்தது. அதை மட்டும் மறுபடி இறக்கிக்கொண்டது.

ஏசிஎஃப் கோப்பு தொலைந்தே போனாலும் வழி உண்டு. கேமின் ஃபோல்டரைப் புது டிரைவின் காமனுக்குள் வைத்துவிட்டு, ஸ்டீமில் அதே டிரைவைத் தேர்ந்தெடுத்து இன்ஸ்டால் அழுத்தினால், இருக்கும் கோப்புகளை முதலில் தேடிப் பார்க்கும். எல்லாம் சரியாக இருந்தால் டவுன்லோட் ஏதும் இல்லாமல் இன்ஸ்டால் ஆகிவிடும். வொர்க்‌ஷாப்பில் இறக்கிய மாட்கள் (ஆடுபவர்களே செய்து பகிரும் கூடுதல் பொருட்கள்) காமனுக்குள் இருக்காது, ஸ்டீம்ஆப்ஸிலேயே தனி ஃபோல்டரில் இருக்கும். சிட்டீஸ் ஸ்கைலைன்ஸ் ஆடுபவர்கள் அதை மறந்துவிட்டு அப்புறம் ஊரில் பாலத்தைக் காணோம் என்று தேடாதீர்கள்.

ஸ்டீம் மாதிரி இன்னொரு கேம் கடையான எபிக்கில் நான் பழகியது கைவைத்தியம். கேம் ஃபோல்டரைப் பத்திரமாக வேறு பெயரில் வைத்துக்கொண்டு, லாஞ்சரில் (கேம்களை இறக்கித் திறக்கும் ஆப்) அன்இன்ஸ்டால் செய்து, புது டிரைவில் இன்ஸ்டாலைத் தொடங்கி, இரண்டு மூன்று சதவீதம் ஓடியதும் நிறுத்த வேண்டும். பழைய கோப்புகளை அங்கே கொட்டிவிட்டுத் தொடர்ந்தால் சரிபார்க்கும் வேலை ஓடி, மிச்சத்தை மட்டும் இறக்கும். ஜிஓஜி என்ற கடை பற்றிச் சொல்ல அதிகமில்லை. டிஆர்எம் என்ற நகல் தடுப்புப் பூட்டு இல்லாததால் ஃபோல்டரைத் தூக்கி எங்கே வைத்தாலும் பெரும்பாலும் ஓடுகிறது. அவர்களுடைய கேலக்ஸி ஆப்பில் அந்த ஃபோல்டரைக் காட்டிவிட்டால் கதை முடிந்தது. எக்ஸ்பாக்ஸ் ஆப்பில் வாங்கியவற்றை மட்டும் எக்ஸ்ப்ளோரரில் தொடவே தொடாதீர்கள். விண்டோஸ்ஆப்ஸ் ஃபோல்டருக்கு நாம் சொந்தக்காரர் இல்லை, சிஸ்டம்தான் சொந்தக்காரர். ஆப்புக்குள் இருந்தோ, விண்டோஸ் செட்டிங்ஸில் ஆப்ஸ் பட்டியலில் இருந்தோதான் மாற்ற வேண்டும். டிரைவும் என்டிஎஃப்எஸ் முறையில் ஃபார்மட் ஆனதாக இருக்க வேண்டும்.

பெயர் சொல்ல விரும்பாத இன்னொரு லாஞ்சர் இருக்கிறது. மூவ் பட்டனும் இல்லை, இருக்கும் கோப்புகளை மதிக்கவும் இல்லை, முழுசாக அறுபது ஜிபியை மறுபடி இறக்கப் பார்த்தது. அதற்கு ஜங்ஷன் போட்டேன். கேம் ஃபோல்டரை டி-க்கு நகர்த்திவிட்டு, கமாண்ட் ப்ராம்ப்டில் எம்கேலிங்க் கட்டளையை ஜே என்ற குறியோடு கொடுத்து, பழைய இடத்தில் அதே பெயரில் ஒரு வாசலை வைப்பது. லாஞ்சர் சி-யில்தான் இருக்கிறோம் என்று நினைத்துக்கொண்டிருக்கும், கோப்புகள் டி-யில் இருக்கும். ஒன்றரை வருஷமாக அப்டேட்டும் வாங்கிக்கொண்டு ஓடுகிறது, இன்னும் சந்தேகப்படவில்லை.

இப்போது தம்பி விஷயம். கேமை நகர்த்தினால் சேவ் (எதுவரை ஆடினோம் என்ற பதிவு) போய்விடுமா என்று எல்லோரும் பயப்படுகிறார்கள். பெரும்பாலான கேம்கள் சேவ்களை இன்ஸ்டால் ஆன இடத்தில் வைப்பதே இல்லை. விட்சர் 3 டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரில் வைக்கும். ஸ்டார்டியூ வேலி ஆப்டேட்டா என்ற ஃபோல்டருக்குள் வைக்கும். கேமை எங்கே கொண்டுபோனாலும் அவை சி-யிலேயே இருக்கும். இந்த ஞானம் எனக்கு அரைகுறையாக இருந்ததுதான் வினை. தம்பி ஆடிக்கொண்டிருந்தது ஒரு பழைய கேம், சேவ்களைத் தன் ஃபோல்டருக்குள்ளேயே வைக்கும் ரகம். இணையத்தில் பிரதி வைக்கும் கிளவுட் சேவும் கிடையாது. "சேவ் எல்லாம் டாக்குமென்ட்ஸ்ல இருக்கும்டா, ஒண்ணும் ஆகாது" என்று பெரிய மனுஷன் மாதிரி சொல்லிவிட்டு, புது டிரைவில் ஃப்ரெஷ்ஷாக இன்ஸ்டால் செய்து, பழைய ஃபோல்டரை ஷிஃப்ட் டெலீட் அடித்தேன்.

"அண்ணா, என் கேம் எங்க?"

"ஓப்பன் பண்ணு, இருக்கும்."

"நியூ கேம்னு மட்டும்தான் வருது."

எழுபது மணி நேர ஆட்டம். அதற்கப்புறம் எந்தக் கேமை நகர்த்தினாலும், முதலில் சேவ் எங்கே என்று தேடிப் பார்த்துத் தனியாக ஒரு பிரதி எடுத்த பிறகுதான் அடுத்த வேலை. அதுவும் புது இடத்தில் கேமைத் திறந்து, பழைய சேவ் லோடு ஆகிறதா என்று பார்க்கும் வரை பழைய ஃபோல்டரில் கை வைப்பதில்லை.

எஸ்எஸ்டி வாங்குபவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. இரண்டாவதாக விலை குறைவாக ஒரு 2 டிபி என்விஎம்இ வாங்கினேன். கடைக்காரர் "எல்லாம் ஒண்ணுதான் சார்" என்றார். பெட்டியில் நொடிக்கு 3500 எம்பி என்று போட்டிருந்தது. பழைய எஸ்எஸ்டியிலிருந்து 400 ஜிபியை நகர்த்த ஆரம்பித்தேன். முதல் சில நிமிஷம் ஜிபி கணக்கில் பறந்தது. பிறகு திடீரென்று நொடிக்கு 90 எம்பி, சில சமயம் 70. ஹார்ட் டிஸ்க்கே தேவலை என்ற நிலை. டிரைவ் பழுது என்று நினைத்தேன், பழுது இல்லை. விலை குறைந்த க்யூஎல்சி ரகங்களில் ஒரு பகுதியை வேகமான தற்காலிக இடமாக வைத்திருப்பார்கள். அது நிரம்பும் வரைதான் பெட்டியில் போட்ட வேகம். நிரம்பியபின் உண்மை முகம் தெரியும். கேம் ஆடுவதற்கு இதனால் பாதிப்பில்லை, ஏனென்றால் அங்கே நடப்பது படிக்கும் வேலை. மொத்தமாக இடம் மாற்றும் அன்று மட்டும் பொறுமை வேண்டும். அன்று ராத்திரி முழுக்க ஓட விட்டதில், காலையில் அம்மா, "ஏன்டா, அந்தப் பொட்டி ராத்திரி பூரா முழிச்சிட்டே இருந்துச்சே, கரண்ட் பில்ல யாரு கட்டுறது?" என்றார்கள். (1 டிபி வாங்கினால் விண்டோஸில் 931 ஜிபிதான் காட்டும், அதற்கும் கடைக்காரரிடம் சண்டைக்குப் போகாதீர்கள். டிரைவ் தயாரிப்பவர்கள் ஆயிரத்தால் பெருக்குகிறார்கள், விண்டோஸ் 1024-ஆல் வகுக்கிறது.)

இவ்வளவு பாடுபட்டதற்குப் பலன் உண்டா? ஹார்ட் டிஸ்க்கிலிருந்து எஸ்எஸ்டிக்கு வந்தால் கண்கூடாக உண்டு. ரெட் டெட் முன்பு லோடு ஆவதற்குள் டீ போட்டுக்கொண்டு வரலாம். இப்போது டம்ளரை எடுப்பதற்குள் குதிரை மேல் உட்கார்ந்திருக்கிறார் அதன் நாயகன் ஆர்தர். ஆனால் பழைய வகையான சாட்டா எஸ்எஸ்டியிலிருந்து என்விஎம்இக்கு மாற்றியபோது ஸ்டாப்வாட்ச் வைத்துப் பார்த்தும் ஓரிரு நொடிதான் வித்தியாசம். நொடிக்கு 550 எம்பிக்கும் 3500 எம்பிக்கும் உள்ள தூரம் ஆட்டத்தில் தெரியவில்லை. ஏற்கெனவே சாட்டா எஸ்எஸ்டியில் இருப்பதை வேகத்துக்காக மட்டும் நகர்த்துவது வீண் வேலை என்பது என் கணிப்பு. ஹார்ட் டிஸ்க்கில் இருக்கவே கூடாதவை என்று சில இருக்கின்றன. பால்டர்ஸ் கேட் 3, ஸ்டார்ஃபீல்டு போன்றவை எஸ்எஸ்டி வேண்டும் என்றே குறிப்பிடுகின்றன.

ஹார்ட் டிஸ்க்கில் முள் ஓடி ஓடித் தேட வேண்டியிருப்பதால், ஒரே படத்தையும் ஒலியையும் பல இடங்களில் திரும்பத் திரும்ப வைத்துக் கேமைக் கட்டும் வழக்கம் உண்டு. ஹெல்டைவர்ஸ் 2 அப்படித்தான் 154 ஜிபிக்கு வீங்கியிருந்தது. 2025 டிசம்பரில் அந்த இரட்டிப்பை எல்லாம் எடுத்துவிட்டு 23 ஜிபிக்குக் கொண்டுவந்தார்கள். அதற்கு ஒரு மாதம் முன்னால்தான் அந்தக் கேமுக்காக வேறு இரண்டு கேம்களை டிரைவ் மாற்றி இடம் செய்து கொடுத்திருந்தேன்.

வெளியே மாட்டும் யுஎஸ்பி டிரைவில் வைப்பவர்களுக்கு இரண்டு விஷயம். கேபினெட்டின் முன்பக்க போர்ட் பழைய யுஎஸ்பி 2.0 ஆக இருந்தால் நொடிக்கு 35, 40 எம்பிக்கு மேல் போகாது. பின்பக்கம் மாட்டுங்கள். அடுத்தது, டிரைவ் எழுத்து. ஒரு நாள் பென்டிரைவ் ஒன்று முதலில் செருகியிருந்ததால் என் டிரைவ் ஈ-யிலிருந்து எஃப் ஆகிவிட்டது. லைப்ரரியில் பாதி கேம் காணோம். டிஸ்க் மேனேஜ்மென்ட்டில் போய் ஜி என்று எழுத்தை நிரந்தரமாக மாற்றி வைத்தேன், அதன்பின் தொல்லை இல்லை. எந்த டிரைவையும் முட்ட முட்ட நிரப்பவும் வேண்டாம். இரண்டு ஜிபி அப்டேட்டுக்குக்கூட பெரிய கோப்பைத் திரும்ப எழுத வேண்டியிருந்தால் ஸ்டீம் பல மடங்கு இடம் கேட்கும். நான் நூறு ஜிபியாவது காலியாக விடுகிறேன்.

இப்போதைய நிலவரம்: சி-யில் விண்டோஸ் மட்டும். 1 டிபி என்விஎம்இயில் இப்போது ஆடுபவை. விலை குறைந்த 2 டிபியில் "ஒரு நாள் ஆடுவேன்" என்று வாங்கி வைத்தவை. பழைய ஹார்ட் டிஸ்க் இன்னும் உள்ளே கரகரத்துக்கொண்டு கிடக்கிறது. அதில் சேவ் பிரதிகளும், தம்பி மறுபடி முதலிலிருந்து ஆடித் தன் கையால் காப்பி செய்து வைத்த அந்தக் கேமின் ஃபோல்டரும் இருக்கின்றன. ஃபோல்டரின் பெயர் "அண்ணா தொடாதே". போன மாதம் ஐந்தாவது முறை எல்லாவற்றையும் நகர்த்தியபோது, அதை மட்டும் இருந்த இடத்திலேயே விட்டுவிட்டேன்.