டெர்ரிக் டிவிடி பெட்டி: 281 கதைக்கும் ஒரே பேனா

ஜெர்மனியின் டோர்ட்முண்ட் நகரில் ஒரு பழைய சாமான் சந்தையில் 12 யூரோ கொடுத்து வாங்கிய பெட்டி இது. 'டெர்ரிக்' என்ற ஜெர்மன் துப்பறியும் டிவி தொடரின் ஆரம்பகாலக் கதைகள். நான் ஜெர்மன் தேர்வுக்குப் படித்த நேரம் அது. "இதைப் பாருங்கள், நிறுத்தி நிதானமாகப் பேசுவார்கள்" என்று பக்கத்து வீட்டு அம்மா சொன்னார். தேர்வு முடிந்து பல வருடம் ஆகிறது. பெட்டி இன்னும் டிவிக்குக் கீழேதான் இருக்கிறது.

எந்தக் கதையைப் போட்டாலும் எழுதியவர் என்று ஒரே பெயர்தான் வரும்: ஹெர்பர்ட் ரைனெக்கர். 1974 முதல் 1998 வரை இசட்டிஎஃப் தொலைக்காட்சியில் வந்த 281 கதைகளையும் அவர் ஒருவரே எழுதினார். அதற்கு முன்பே தொடங்கிய 'டெர் கொமிசார்' தொடரின் 97 கதைகளும் அவருடையவைதான். டெர்ரிக்கைத் தொடங்கியபோது அவருக்கு அறுபது ஆகப்போகிறது, முடித்தபோது 83. மாதத்துக்கு ஒரு கொலைக்கதை வீதம் இருபத்துநாலு வருடம்! அவர் பிறந்த ஹாகன் எங்கள் ஊருக்குப் பக்கம்தான். ரயில் அந்த ஸ்டேஷனில் நிற்கும்போதெல்லாம் அவர் நினைவு வரும்.

முதல் கதை 'வால்ட்வேக்'. காட்டுப்பாதையில் ஒரு மாணவி கொல்லப்படுகிறாள். கொன்றது ஓர் ஆசிரியர் என்று நமக்குச் சீக்கிரமே தெரிந்துவிடும். ஆனாலும் எழுந்து போக மனம் வராது. டெர்ரிக்காக வரும் ஹோர்ஸ்ட் டாப்பர்ட் துப்பாக்கியை நீட்டி மிரட்டுகிறவர் இல்லை. எதிரே நின்று நாலைந்து சொல்லில் ஒரு கேள்வி கேட்பார். பதில் வந்ததும் அதன் கடைசி வார்த்தையையே திரும்பக் கேள்வியாகக் கேட்பார். அப்புறம் பேசாமல் பார்த்துக்கொண்டு நிற்பார். எதிராளி கண்ணைத் தாழ்த்துவார். அகராதி இல்லாமல் நான் முழுதாகப் புரிந்துகொண்ட முதல் ஜெர்மன் வசனங்கள் இப்படிப்பட்டவைதான்.

ஒன்றை மறைக்கக் கூடாது. ரைனெக்கர் நாஜி இளைஞர் பத்திரிகைகளில் வேலை செய்தவர், இரண்டாம் உலகப் போரின்போது வாஃபன் எஸ்எஸ் என்ற நாஜி ஆயுதப்படையின் பிரச்சாரப் பிரிவில் இருந்தவர். டாப்பர்ட்டும் வாஃபன் எஸ்எஸ்ஸில் இருந்தது 2013இல் வெளியே வந்து, இசட்டிஎஃப் மறுஒளிபரப்பையே நிறுத்தியது. இதைப் படித்த பிறகு சில வாரம் நான் பெட்டியைத் தொடவில்லை. போரில் வீடிழந்து வந்த குடும்பம் எங்களுடையது. மறுபடி பார்த்தபோது, குற்றம் செய்தவன் எப்படிச் சாதாரணமாகச் சாப்பிட்டுத் தூங்குகிறான் என்று அந்தக் கதைகள் கேட்டுக்கொண்டே இருப்பது கண்ணில் பட்டது. ரைனெக்கர் செய்ததை அது கழுவிவிடாது. ஆனால் அந்தக் கேள்வியை இப்போது வேறு காதோடு கேட்கிறேன்.

என்னிடமுள்ள பெட்டியில் சப்டைட்டில் இல்லை. புதிதாக ஜெர்மன் படிப்பவர்களுக்குக் கஷ்டம்தான், ஓரளவு பேச வந்தபின் வாங்குங்கள். விறுவிறுப்பு தேடுபவர்களுக்கு இது வேண்டாம். ஐந்துக்கு நான்கு கொடுப்பேன். பழையதாக வாங்கினால் ஒவ்வொரு தட்டையும் வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள், என்னுடையதில் மூன்றாவது தட்டு பாதியில் நின்றுவிடுகிறது.